கிருமிக் காவலரின் மைப் பென்சில்

உலகத்தில் பயப்படுகிறவர்கள் உண்டு, பயமுறுத்துகிறவர்கள் உண்டு. இரண்டு வேலையையும் ஒரே ஆள் இழுத்துப் போட்டுக்கொண்டு செய்தால் அவருக்குக் கிருமிக் காவலர் என்று பெயர். உங்கள் தெருவிலும் ஒருவர் இருப்பார். நீங்கள் தும்மினால் நாலு வீடு தள்ளி ஜன்னலைச் சாத்துகிறாரே, அவர்தான். பந்தியில் உட்கார்ந்து இலையைக் கைக்குட்டையால் துடைத்து, அந்தக் கைக்குட்டையைத் துடைக்க இன்னொரு கைக்குட்டையை எடுக்கிறாரே, அவரேதான். இவர்களை அடையாளம் கண்டுகொள்வது சுலபம். ஆபத்து என்பது எப்போதும் அடுத்தவர் கையிலிருந்துதான் வரும் என்பது இவர்களுடைய வேதம். தன் கையிலிருந்து வராதா? அதெப்படி வரும்? அது பிறந்ததிலிருந்து கூடவே இருக்கிற கை அல்லவா!

இந்த இனத்தில் கலப்படமே இல்லாத ஒருவர், ஆயிரத்துத் தொள்ளாயிரத்து இருபதுகளின் கடைசியில், கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸில் குடியிருந்தார். பெயர் அம்புரோஸ். மெலிந்த தேகம், வெளுத்த சட்டை, உடம்பு முழுவதும் கார்பாலிக் கிருமிநாசினி வாசனை. அவர் தெருமுனை திரும்புவதற்குள் வாசனை வீட்டுக்கு வந்துவிடும்; அதை முகர்ந்த பிறகுதான் அவர் மனைவி மகதலேனா காப்பிக்கு அடுப்பில் தண்ணீர் வைப்பாள்.

வேலை எங்கே என்கிறீர்கள்? கிருமி வளர்க்கும் இடத்தில். சிரிக்காதீர்கள். காலராவையும் டைபாய்டையும் கண்ணாடிக் குழாய்களில் போட்டு, பஞ்சால் வாயை அடைத்து, இதமான சூட்டில் வைத்து வளர்த்து, அவற்றின் குணம் என்ன, அவற்றைக் கொல்வது எப்படி என்று வெள்ளைக்கார டாக்டர்கள் பார்க்கிற ஒரு சோதனைச்சாலை அது. டாக்டர்கள் மேல்மாடியில் யோசிப்பார்கள். கீழே குழாய்களைக் கழுவுவது, கம்பியை நெருப்பில் காட்டிச் சுத்தம் செய்வது, எந்தக் குழாயில் எந்த எமன் இருக்கிறான் என்று பெயர் எழுதி ஒட்டுவது எல்லாம் அம்புரோஸின் ராஜ்யம். பாதுகாப்பு விதிகளைக் காப்பாற்றுவதும் அவர் பொறுப்பே. அதாவது, மற்றவர்கள் அவற்றைக் காப்பாற்றுகிறார்களா என்று பார்ப்பது.

எப்படிப் பார்ப்பார் என்கிறீர்கள்! மேஜை ஓரத்தில் ஒருவன் வெற்றிலை மடித்தால் கூரை அதிரும். கைகழுவாமல் ஒருவன் காதைச் சொறிந்தால் காதையே கழுவ வைப்பார். குழாயை வாயால் உறிஞ்சித் திரவம் எடுக்கும்போது மேல் முனையில் பஞ்சு வைக்க மறந்தவனுக்கு, அவனுடைய சவ அடக்கம் எப்படி நடக்கும், யார் யார் அழுவார்கள் என்று பாடையிலிருந்து பத்தி வரைக்கும் விவரித்துக் காட்டுவார். ஒருநாள் யாழ்ப்பாணத்துக் குமாஸ்தா கார்த்திகேசு, பசை தடவிய லேபிள் ஒன்றை நாக்கில் வைத்து ஈரப்படுத்திக் குழாயில் ஒட்டிவிட்டார். அம்புரோஸ் பாய்ந்து வந்தார்.

"ஏன்யா, ஒனக்குப் புத்தி இருக்கா? அந்த லேபிள் எந்த மேசையில கெடந்துச்சு தெரியுமா?"

"ஒரு லேபிள்தானே, அண்ணை."

"ஒரு லேபிளா? அதுல ஒரு கோடி உக்காந்திருக்கு! நீ நாக்க நீட்டி அத்தனை பேரையும் உள்ள வாங்கன்னு கூப்பிட்டிருக்கே! தண்ணியில நனைச்ச ஸ்பாஞ்சு இங்க எதுக்கு வச்சிருக்கு? அழகு பாக்கவா?"

திட்டி முடித்து, மூச்சு வாங்க உட்கார்ந்து, அடுத்த லேபிளைத் தாமே எழுதத் தொடங்கினார். அவர் காதில் எப்போதும் ஒரு மைப் பென்சில் செருகியிருக்கும். காய்ந்திருந்தால் சாம்பல் நிறமாக எழுதும், ஈரம் பட்டால் அழியாத ஊதா மையாக எழுதும் பென்சில் அது. அந்தக் காலத்துக் குமாஸ்தாக்கள் அதை நம்பித்தான் பிழைத்தார்கள். அம்புரோஸ் பென்சிலை எடுத்தார். முனையை நாக்கில் ஒரு தொடு தொட்டார். 'காலரா, கிள்ளான் துறைமுகம், செவ்வாய்' என்று எழுதினார். லேபிளின் பின்பக்கத்தை ஒரு நக்கு நக்கினார். குழாயில் வைத்துக் கட்டைவிரலால் அழுத்தினார். பென்சிலைக் குழாய்களுக்கு நடுவே உருட்டிவிட்டு, மறுபடி எடுத்து, மறுபடி நாக்கில் வைத்தார்.

அவருக்கு மட்டும் ஏன் ஸ்பாஞ்சு இல்லை? கேட்டால் சொல்வார்: "அதுல கண்டவன் கை படுது. சுத்தமில்ல."

இப்படி வருஷக்கணக்காக நக்கியதில் அம்புரோஸின் நாக்கு நல்ல கத்தரிக்காய் நிறத்துக்கு வந்துவிட்டது. சோதனைச்சாலை முழுவதற்கும் இது தெரியும். தெரியாதவர் ஒருவர்தான். ஏன் யாரும் சொல்லவில்லை? சொன்னால் நிறுத்திவிடுவாரே! நாள் முழுவதும் அவரிடம் வாங்கிக் கட்டிக்கொள்கிற ஏழைகளுக்கு, அவர் வாயைத் திறக்கும்போதெல்லாம் உள்ளே ஊதா தெரிவது ஒன்றுதான் ஆறுதல். மகதலேனாவுக்கும் தெரியும். கல்யாணமான புதிதில் தலையணை உறையில் ஊதாக் கறையைப் பார்த்துப் பயந்திருக்கிறாள். பிறகு பழகிவிட்டது. ஒருதரம், "ஒங்க நாக்கப் பாருங்களேன்" என்று சொல்லியும் பார்த்தாள். "ஊர் நாக்கெல்லாம் பாக்கவே நேரமில்ல, என் நாக்க வேற பாக்கணுமா?" என்று போய்விட்டார்.

ஊர் நாக்கு என்று அவர் சொன்னது சும்மா இல்லை. அம்புரோஸ் வீட்டுக்குப் போகிறவர்கள் வாசலிலேயே ஒரு பேசினில் கையை முக்க வேண்டும். அதில் லைசால் கலந்த தண்ணீர் பால்போல இருக்கும். பிறகு நாக்கை நீட்டிக் காட்ட வேண்டும். வெள்ளையாக இருந்தால் வயிறு சரியில்லை, வெளித்திண்ணை இல்லாத வீடு என்பதால் படிக்கட்டில் உட்கார வேண்டியதுதான். சிவப்பாக இருந்தால் உள்ளே வரலாம், ஆனால் எதையும் தொடக்கூடாது. கோவிலில் பூசை முடிந்து வெளியே வரும் ஜனங்கள் அவரைக் கண்டதும் கையைப் பின்னால் கட்டிக்கொள்வார்கள்.

இதெல்லாம் வேடிக்கை, வீட்டில் கல்யாண வயதில் பெண் இல்லாதவரைக்கும்.

மகள் டோரிஸைப் பார்க்க முதலில் செந்தூலிலிருந்து ஒரு குடும்பம் வந்தது. மாப்பிள்ளையின் அம்மா வாசல் ஏறிய இளைப்பில் ஒருமுறை இருமினாள். அவ்வளவுதான். எத்தனை நாளாக இருமல், சளியின் நிறம் என்ன, குடும்பத்தில் யாராவது இருமிச் செத்திருக்கிறார்களா என்று அம்புரோஸ் விசாரித்த விசாரிப்பில், அந்த அம்மாள் காப்பி வருவதற்குள் போய்விட்டாள். அடுத்ததாகப் பினாங்கிலிருந்து வந்தவர்கள் மல்லிகைச் சரம் கொண்டுவந்தார்கள். "எந்தத் தோட்டத்துப் பூவோ" என்று பெண்ணின் தலையில் வைப்பதற்கு முன்னால் அதன்மேல் கார்பாலிக் தெளிக்கும் பம்பால் அடித்தார். பூ கருகியது. சம்பந்தமும் கருகியது. டோரிஸ் அன்று முழுவதும் சாப்பிடவில்லை. மகதலேனா சமையலறையில் முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு அழுதாள். கோவிலுக்குப் போனால் ஒவ்வொருத்தியும், "இன்னும் ஒண்ணும் அமையலியா அக்கா?" என்று கேட்பதை அவளால் தாங்க முடியவில்லை.

மூன்றாவதாக வந்ததுதான் கிள்ளான் சம்பந்தம். பையன் வாலண்டைன் ரயில்வேயில் வேலை. அப்பா கிரிகரி கிள்ளான் ஸ்டேஷனில் டிக்கெட் குமாஸ்தா. அந்தோணியார் திருநாளில் டோரிஸ் வாலண்டைனைப் பார்த்திருக்கிறாள். பார்த்ததோடு நிறுத்தவில்லை, சிரித்தும் இருக்கிறாள். சிரிப்பையே மறந்திருந்த பெண் அவள். இந்த இடம் தவறிவிட்டால் தன் மகள் இந்த லைசால் வாசனையிலேயே கிழவியாகிவிடுவாள் என்று மகதலேனாவுக்கு நிச்சயமாகத் தெரிந்தது.

ஆகவே மாதா சுரூபத்துக்கு முன்னால் புருஷனை நிறுத்தினாள்.

"இந்தத் தடவை பேசின் கெடையாது."

"சரி."

"பம்பு கெடையாது. நாக்கப் பாக்குறது கெடையாது. இருமுனா கேள்வி கேக்குறது கெடையாது. மாதா மேல சத்தியம் பண்ணுங்க."

அம்புரோஸ் சத்தியம் செய்தார். செய்துவிட்டு, தூக்குமேடைக்குப் போகிறவன் கடைசி ஆசையைச் சொல்வதைப்போலக் கேட்டார்: "டம்ளர்ல லேபிள் மட்டும் ஒட்டிக்கிறேன் மகதலேனா. ஆளுக்கொரு டம்ளர், டம்ளருக்கொரு பேரு. ஒருத்தர் எச்சி ஒருத்தருக்குப் போகக்கூடாதில்ல? லேபரட்டரில காலராவுக்கே மரியாதையா பேர் எழுதி ஒட்டுறோம். சம்பந்திக்கு ஒட்டக்கூடாதா?"

பேசினுக்கும் பம்புக்கும் பதிலாக ஒரு காகிதத் துண்டுதானே என்று மகதலேனா சம்மதித்துவிட்டாள். இதைத்தான் அவள் பிறகு நெடுநாள் நினைத்து நினைத்துத் தலையில் அடித்துக்கொண்டாள்.

ஞாயிற்றுக்கிழமை கிள்ளான் ரயிலில் மூன்று பேர் வந்தார்கள். கிரிகரி, பெரிய மீசை, பெரிய குரல். அவர் மனைவி செசிலியா, எதற்கும் தலையாட்டுகிற சாது. வாலண்டைன், அந்த வெயிலில் கம்பளிக் கோட்டுப் போட்டு வேர்த்துக் கொட்டிக்கொண்டிருந்தான். அம்புரோஸ் வாசலில் நின்று, "தோத்திரம், வாங்க, வாங்க" என்றார். மகதலேனா மூச்சைப் பிடித்துக்கொண்டு பார்த்தாள். பேசின் இல்லை. நாக்கை நீட்டச் சொல்லவில்லை. அவர் கைகள் இரண்டும் பின்னால் ஒன்றையொன்று பிசைந்துகொண்டிருந்தன. அவளுக்கு அவர்மேல் கொஞ்சம் பாசம்கூட வந்தது.

காப்பி வந்தது. கிரிகரி டம்ளரைத் தூக்கிக் கண்ணருகே வைத்துப் பார்த்தார்.

"என்னண்ணே இது? 'கிரிகரி, கிள்ளான், ஞாயிறு'ன்னு எழுதியிருக்கு? என்னையப் பார்சல் கட்டி அனுப்பப் போறீங்களா?"

"சும்மா, ஒரு பழக்கம்லா," என்றார் அம்புரோஸ்.

கிரிகரி ஹோ என்று சிரித்தார். காப்பியோ கொதிக்கக் கொதிக்க இருந்தது. டம்ளரைப் பிடித்த கைகள் வேர்த்தன. லேபிள் நனைந்து, எழுத்து கரைந்து, ஊதாவாக விரல்களில் இறங்கியது. கிரிகரி அதே விரலால் மீசையை முறுக்கினார். செசிலியா அதே விரலால் கன்னத்துக் கொசுவைத் தட்டினாள். பேச்சு சுவாரசியத்தில் யாரும் கவனிக்கவில்லை. சம்பந்தியின் டம்ளரில் பெயர் அழிந்துபோனதை மட்டும் அம்புரோஸ் கவனித்தார். அவரால் பொறுக்க முடியுமா? பென்சில், நாக்கு, எழுத்து, நக்கல், கட்டைவிரல் அழுத்தல். மறுபடி ஒட்டிய பிறகுதான் அவருக்கு உயிர் வந்தது.

வெற்றிலைத் தட்டு மாற்றினார்கள். எல்லாம் முடிந்தது என்று மகதலேனா மனதுக்குள் ஜெபமாலை உருட்டத் தொடங்கினாள். டோரிஸும் வாலண்டைனும் பெரியவர்கள்முன் ஆசீர்வாதத்துக்கு முழந்தாளிட்டார்கள். நம் கத்தோலிக்க வீடுகளில் வழக்கம் உங்களுக்குத் தெரியும், பெரியவர் கட்டைவிரலால் சின்னவர் நெற்றியில் சிலுவை வரைய வேண்டும். அம்புரோஸ் கண்கலங்கி, லேபிளை அழுத்திய அதே ஈரக் கட்டைவிரலால் மாப்பிள்ளையின் நெற்றியில் ஒன்று, மகள் நெற்றியில் ஒன்று, ஆழ்ந்த பக்தியோடு அழுத்தி வரைந்தார். மாப்பிள்ளையின் வேர்வை மிச்சத்தைப் பார்த்துக்கொண்டது. சிலுவை கரைந்து, பரவி, கொய்யாப்பழம் அளவுக்கு ஓர் ஊதாத் திட்டு ஆனது. டோரிஸ் ஆனந்தத்தில் முகத்தைத் துடைத்தாள். அவளுடையது புருவம்வரைக்கும் போனது.

அம்புரோஸ் ஓர் அடி பின்னால் நகர்ந்து இருவரையும் ஆசையாகப் பார்த்தார்.

அவருடைய மூக்குத் துவாரங்கள் விரிந்தன. அந்த விரிப்பு மகதலேனாவுக்குத் தெரியும். செந்தூல்காரியின் இருமலுக்கும் விரிந்தது, பினாங்கு மல்லிகைக்கும் விரிந்தது. "மாதாவே!" என்றாள் வாய்விட்டு.

"யாரும் அசையாதீங்க!" என்று கத்தினார் அம்புரோஸ். "மாப்புள நெத்தி! டோரிஸ் நெத்தி! சம்பந்தி மீசை! சம்பந்தியம்மா கன்னம்! ஐயோ, பரவுது! கண்ணு முன்னால பரவுது!"

"என்ன பரவுது?" என்று கிரிகரி எழுந்தார்.

"இது துறைமுகத்து நோய்! எனக்குத் தெரியும்! கிள்ளான்ல எந்தெந்த ஊர்க் கப்பலெல்லாமோ வருது! நீங்கதான் ரயில்ல ஏத்திக் கொண்டாந்திருக்கீங்க!"

சொல்லிக்கொண்டே கட்டிலடியில் கையை விட்டுப் பம்பை எடுத்தார். பம்பை அடிக்கமாட்டேன் என்றுதானே சத்தியம்? வைத்திருக்கமாட்டேன் என்று யார் சொன்னது? அடிக்கமாட்டேன் என்ற பகுதி அவருக்கு அந்த நேரத்தில் நினைவில்லை. புஸ் என்று ஒரு அடி. கம்பளிக் கோட்டு நனைந்தது. வெற்றிலைத் தட்டு நனைந்தது. செசிலியா தலையாட்டுவதை நிறுத்திவிட்டு முதல்முறையாக அலறினாள்.

"மிஸ்டர் அம்புரோஸ்!" கிரிகரியின் குரலில் அண்ணேயும் இல்லை, சம்பந்தியும் இல்லை. "எங்க ஊர்த் தண்ணி குடிச்சு வளந்த புள்ள இவன். நோயின்னா சொல்றே? செசிலியா, எந்திரி. வாலண்டைன், வாடா. இந்தச் சூசா, இந்தத் தொல்லை நமக்கு வேணாம். அடுத்த ரயிலுக்கே போயிருவோம்."

"போகக்கூடாது!" அம்புரோஸ் கதவில் முதுகை வைத்துக் கையை விரித்துக்கொண்டார். "ஒருத்தரும் வெளிய போகக்கூடாது! நாப்பது நாளு இங்கதான்!"

பார்த்தீர்களா? சம்பந்தத்தை முறிக்கிறவர்களை உலகம் கண்டிருக்கிறது. முறித்துவிட்டு, முறிந்த சம்பந்தியை வீட்டிலேயே அடைத்து வைக்கிறவரைக் கண்டிருக்கிறதா?

டோரிஸ் தரையில் உட்கார்ந்தபடியே அழுதாள். கண்ணீர் ஊதாவாக வழிந்தது. அதைப் பார்த்து அம்புரோஸ், "கண்ணுக்கும் போயிருச்சு!" என்று பம்பைத் தூக்கினார். அந்தக் கணத்தில் மகதலேனாவுக்குள் ஏதோ அறுந்தது. இத்தனை வருஷம் கார்பாலிக்கைச் சுவாசித்தவள், தலையணை உறை துவைத்தவள், ஒருநாளும் குரல் உயர்த்தாதவள், பம்பைப் பிடுங்கி மூலையில் எறிந்தாள்.

"வாயத் தொறங்க."

"என்னது?"

"வீட்டுக்கு வர்றவங்ககிட்ட எல்லாம் கேப்பீங்கல்ல? இப்ப நீங்க. நாக்க நீட்டுங்க!"

தம்முடைய உத்தரவையே தம்மிடம் கேட்டதில், பழக்க தோஷம், அம்புரோஸின் நாக்கு தானாக வெளியே வந்தது. நீளமாக, அகலமாக, அடியிலிருந்து நுனிவரை ஊதாவாக.

மகதலேனா, டோரிஸ் அலங்காரம் செய்துகொண்ட கைக்கண்ணாடியைக் கொண்டுவந்து அவர் முகத்துக்கு நேரே பிடித்தாள். அவர் பார்த்தார். நாக்கை உள்ளே இழுத்தார். மறுபடி நீட்டிப் பார்த்தார்.

"நான் சொன்னேன்ல!" என்று அலறினார். "எனக்கும் ஒட்டிக்கிச்சு! கிள்ளான் கிருமி என்னா வேகம் பாரு!"

அதுவரை வாயே திறக்காத வாலண்டைன்தான் முதலில் சிரித்தான். கார்பாலிக் சொட்டும் கோட்டோடு, நெற்றியில் ஊதாத் திட்டோடு, தரையில் உட்கார்ந்து வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தான். டோரிஸ் அழுகையும் சிரிப்புமாக அவனைப் பார்த்தாள். மகதலேனா புருஷனின் காதிலிருந்து பென்சிலை உருவி, நனைத்த விரலால் முனையைத் தேய்த்து, தன் மணிக்கட்டில் ஒரு கோடு இழுத்து அவருக்குக் காட்டினாள்.

"இதுதாங்க ஒங்க கிருமி. லேபிளு, டம்ளரு, ஒங்க கட்டைவிரலு. எல்லாம் ஒங்க நாக்குலேருந்து வந்தது."

அம்புரோஸ் கோட்டைப் பார்த்தார். கட்டைவிரலைப் பார்த்தார். மெல்ல நாற்காலியில் உட்கார்ந்தார். "லேபரட்டரிலயும் நான் இப்பிடித்தான்..." என்று தொடங்கியவர் முடிக்கவில்லை. அந்தப் பென்சில் இத்தனை வருஷமாக எந்தெந்தக் குழாய்களுக்கு நடுவே புரண்டது என்பது அவருக்குத் தெரியும். அவரைவிட யாருக்குத் தெரியும்? முகம் வெளுத்துவிட்டது. மகதலேனாவுக்கே பாவமாக இருந்தது. நிஜமான பயம் என்றால் என்ன என்று அந்த மனிதர் அன்றுதான் தெரிந்துகொள்கிறார் என்று நினைத்தாள்.

எவ்வளவு நேரம் தெரிந்துகொண்டார்? ஒரு பெருமூச்சு விடும் நேரம். பிறகு நிமிர்ந்தார். மார்பு விரிந்தது.

"அத்தனை காலராவும் உள்ள போயும் என்னை ஒண்ணும் பண்ண முடியல பாத்தியா? உடம்பு வாகு அப்பிடி. ஆனா மத்தவங்க செய்யக்கூடாது."

இதைக் கேட்டுத்தான் கிரிகரி இடி இடியென்று சிரித்தார். மீசையிலிருந்து ஊதா தெறித்தது. "இந்த மாதிரி ஆளு எங்க ஸ்டேஷன்லயும் ஒருத்தன் இருக்கான்லா! சரிண்ணே, பொண்ணு எங்க வீட்டுக்கு. ஆனா ஒரு கண்டிசன். கல்யாணம் முடியிற வரைக்கும் இந்தப் பென்சில் எங்கிட்ட இருக்கணும். நீங்க தொடக்கூடாது." பென்சிலை வாங்கித் தம் காதில் செருகிக்கொண்டார். மகதலேனா மாதா சுரூபத்தைப் பார்த்துக் கையெடுத்துக் கும்பிட்டாள். அவள் கண்ணும் நிறைந்துவிட்டது.

"கோவில்ல கல்யாண ஓலை வாசிக்கணுமே, சாமியாருக்குத் தேதி சொல்லணும்," என்றாள் செசிலியா.

"இப்பவே எழுதிடுவோம்," என்றார் கிரிகரி. பையிலிருந்து ஒரு பழைய டிக்கெட்டை எடுத்தார். காதிலிருந்து பென்சிலை உருவினார். முனையைக் கண்ணெதிரே பிடித்துப் பார்த்தார். பிறகு, சற்றும் யோசிக்காமல், அதை நாக்கில் ஒரு தொடு தொட்டு எழுதத் தொடங்கினார்.

அம்புரோஸின் மூக்குத் துவாரங்கள் விரிந்தன. வாய் திறந்தது. மகதலேனா தட்டிலிருந்த முழு லட்டு ஒன்றை எடுத்து அந்த வாய்க்குள் திணித்தாள். திணித்த விரல் ஊதாவாக இருந்ததை இரண்டு பேருமே பார்த்தார்கள். கல்யாணம் முடியட்டும் என்று அவள் பேசாமல் இருந்துவிட்டாள்.

கல்யாணமாகி டோரிஸ் கிள்ளானில் சௌக்கியமாக இருந்தாள். அங்கே பேசின் இல்லை, பம்பு இல்லை, மாமனார் நாக்கு மட்டும் ஊதா.

நீங்கள் அப்படியில்லை, எனக்குத் தெரியும். நீங்கள் எல்லாவற்றிலும் ஜாக்கிரதை. பக்கத்து வீட்டுக்காரர் கைகழுவாமல் சாப்பிடுவதை ஜன்னல் வழியாகப் பார்த்து முகம் சுளிக்கிறவர். நல்லது. ஒரு சின்னக் கேள்வி மட்டும். இந்தப் பக்கத்துக்கு வருவதற்காக முந்தின தாளைத் திருப்பினீர்களே, விரலை எதில் நனைத்துத் திருப்பினீர்கள்? பதில் சொல்ல வேண்டாம். யாரும் இல்லாத நேரமாகப் பார்த்து, கண்ணாடி முன்னால் நின்று, நாக்கை மட்டும் ஒருதரம் நீட்டிப் பாருங்கள்.